அமெரிக்கக் கால்பந்தும் தமிழ்நாட்டு விளையாட்டுத் திடலும்: 1905ஆம் ஆண்டுப் போட்டிப் பருவத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

1. ஆய்வுச் சிக்கல்

விருதுநகர் மாவட்டத்துக் கிராமங்களில் பொங்கலையும் கோயில் கொடையையும் ஒட்டி ஒட்டப்படும் சுவரொட்டிகளில் மின்னொளிக் கபடியும் மின்னொளி வாலிபாலும் அடுத்தடுத்து இடம்பெறுகின்றன. கபடி, சடுகுடு என்ற பெயரில் இம்மண்ணிலேயே வளர்ந்தது. வாலிபால் எனப்படும் கையுந்துபந்தோ அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் 1895இல் உருவாக்கப்பட்டது. அதே மாநிலத்தில் 1891இல் பிறந்த கூடைப்பந்தும் தமிழ்நாட்டுப் பள்ளி, கல்லூரிகளில் நிலைபெற்றுவிட்டது. ஆனால் அக்காலத்து அமெரிக்கக் கல்லூரிகளின் தலையாய விளையாட்டாக இருந்த அமெரிக்கக் கால்பந்து, அதாவது பந்தைக் கையில் ஏந்தி ஓடுபவரை எதிரணியினர் உடலால் மோதி வீழ்த்தும் ஆட்டம், இங்கு வேர்கொள்ளவில்லை. ஒரே நாட்டிலிருந்து, ஏறத்தாழ ஒரே காலத்தில் கிளம்பிய விளையாட்டுகளுள் இரண்டு வந்து நிலைத்ததற்கும் ஒன்று வராமற்போனதற்கும் உரிய காரணத்தை, அவற்றைச் சுமந்து வந்த கல்வி நிறுவனத்திலேயே தேட வேண்டும் என்பது இக்கட்டுரையின் வாதம்.

2. 1905: வெற்றியும் நெருக்கடியும்

அமெரிக்கக் கல்லூரிகளில் அன்றைய கால்பந்துப் பருவம் இலையுதிர்காலத்தில் தொடங்கி, நவம்பர் இறுதியில் வரும் நன்றி நவிலல் நாளோடு உச்சமடைந்தது. 1905ஆம் ஆண்டுப் பருவத்தில் அமோஸ் அலோன்சோ ஸ்டாக் பயிற்றுவித்த சிகாகோ பல்கலைக்கழக அணி தோல்வியே காணவில்லை. நவம்பர் 30 அன்று அது எதிர்கொண்ட மிச்சிகன் அணி, 1901 முதல் தொடர்ந்து 56 ஆட்டங்களில் தோல்வியுறாமல் இருந்ததோடு, அப்பருவத்தின் முந்தைய 12 ஆட்டங்களில் 495 புள்ளிகள் எடுத்து எதிரணிகளுக்கு ஒரு புள்ளியும் விட்டுக்கொடுக்காத அணியாகும். அவ்வாட்டத்தைச் சிகாகோ 2–0 என வென்றது. பந்துடன் இருக்கும் ஆட்டக்காரரை அவருடைய சொந்த இலக்குக் கோட்டுக்குப் பின்னால் மடக்கினால் எதிரணிக்குக் கிடைக்கும் இரண்டு புள்ளிகளே அந்த முடிவைத் தீர்மானித்தன.

இந்த வெற்றிக்கு மறுபுறமாக, அப்பருவத்தில் பல நிலைகளிலும் விளையாடியோருள் 18 பேர் உயிரிழந்ததாக நாளிதழ்கள் கணக்கிட்டன. அக்டோபர் மாதத்திலேயே குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட், ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆகிய நிறுவனங்களின் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு அழைத்து ஆட்டத்தைச் சீர்படுத்த வலியுறுத்தியிருந்தார். பருவத்தின் முடிவில் கொலம்பியா பல்கலைக்கழகம் இவ்விளையாட்டைக் கைவிட்டது. ஸ்டான்போர்டும் கலிபோர்னியாவும் ரக்பிக்கு மாறின. டிசம்பரில் நியூயார்க்கில் 60க்கும் மேற்பட்ட கல்லூரிகள் கூடி எடுத்த முயற்சியின் விளைவாக 1906இல் பந்தை முன்னோக்கி எறிதல் அனுமதிக்கப்பட்டது. அவ்வாண்டே உருவான கல்லூரிச் சங்கம் 1910இல் இன்றைய தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கம் என்னும் பெயரைப் பெற்றது. ஆகவே 1905, ஓர் அணியின் புகழ்மிக்க பருவம் மட்டுமன்று. கல்லூரி விளையாட்டு எதற்காக என்ற வினாவை ஒரு நாடு முழுவதும் எழுப்பிய பருவமும் ஆகும்.

3. ஸ்பிரிங்பீல்டு தந்த விடை

அவ்வினாவுக்கான ஒரு விடை, பதினான்கு ஆண்டுகளுக்கு முன்பே, அதே ஸ்டாக் மாணவராகவும் பயிற்றுநராகவும் இருந்த ஸ்பிரிங்பீல்டு ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளியில் உருவாகியிருந்தது. இலையுதிர்காலக் கால்பந்துக்கும் வசந்தகால பேஸ்பாலுக்கும் இடைப்பட்ட குளிர்காலத்தில் உடற்பயிற்சிக் கூடத்துக்குள் ஆடத்தக்க ஒன்று வேண்டும் என்று அப்பள்ளியின் பொறுப்பாளர் லூதர் குலிக் பணித்ததன்பேரில், ஸ்டாக்கின் கால்பந்து அணியில் ஆடிய ஜேம்ஸ் நெய்ஸ்மித் 1891 டிசம்பரில் கூடைப்பந்தை வகுத்தார். ஓடுபவரை வீழ்த்தவே மோதல் நிகழ்கிறது. பந்தோடு ஓடுவதைத் தடுத்துவிட்டால் மோதலுக்குத் தேவையே இராது என்பதே அவருடைய சிந்தனையின் அடிப்படை. 1892 மார்ச்சில் ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் இடையே நடந்த முதல் பொது ஆட்டத்தில் ஆசிரியர் தரப்பு எடுத்த ஒரே புள்ளி ஸ்டாக்குடையது. அங்கே பயின்ற வில்லியம் மார்கன், ஹோலியோக் நகர ஒய்.எம்.சி.ஏ.வில் பணியாற்றியபோது, கூடைப்பந்தின் வேகமும் அதிகம் எனக் கருதிய நடுவயதினருக்காக 1895இல் கையுந்துபந்தை உருவாக்கி, இரு அணிகளையும் வலையால் பிரித்தார். உடலோடு உடல் மோதும் ஆட்டம், மோதல் விலக்கப்பட்ட ஆட்டம், இரு தரப்பும் ஒன்றையொன்று நெருங்கவே இயலாத ஆட்டம் என மூன்று படிகளாக இவ்வளர்ச்சி அமைகிறது. மோதல் குறையக் குறையக் காப்புக் கவசமும் பெருந்திடலும் தேவையற்றுப் போயின என்பது இங்கே கருதத்தக்கது.

4. சென்னை வழியாகத் தெற்கு நோக்கி

ஸ்பிரிங்பீல்டில் பயின்ற ஹாரி குரோ பக் 1919இல் சென்னைக்கு வந்து, 1920இல் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விப் பள்ளியைத் தொடங்கினார்; பின்னர் கல்லூரியாக வளர்ந்து நந்தனத்தில் நிலைபெற்ற அந்நிறுவனம், ஆசியாவின் முதல் உடற்கல்விப் பயிற்சி நிறுவனமாகப் போற்றப்படுகிறது. 1924இல் பாரிஸ் ஒலிம்பிக்குக்குச் சென்ற இந்திய அணியுடன் பக் பொறுப்பேற்றுச் சென்றது பலரும் அறிந்த செய்தி. எனினும் அவருடைய நிலைத்த பணி, விளையாட்டு வீரர்களைவிட விளையாட்டு ஆசிரியர்களை உருவாக்கியதே ஆகும். மாணவர்கள் 'பி.டி. வாத்தியார்' என்று அழைக்கும் உடற்கல்வி ஆசிரியர் என்ற பணியாளர் தமிழ்நாட்டுப் பள்ளிகளில் நிலைபெறுவதற்கு அக்கல்லூரியின் பயிற்சி வழிகோலியது. தாம் கற்றவற்றையே ஆசிரியர்கள் கற்பித்தனர். அவர்கள் கற்றவற்றுள் கூடைப்பந்தும் கையுந்துபந்தும் இருந்தன, அமெரிக்கக் கால்பந்து இருக்கவில்லை.

இங்கு இரண்டு மறுப்புகள் எழக்கூடும். அமெரிக்கர் இங்கு மிகுதியாக வாழாமையே காரணம் என்பது முதலாவது. ஆனால் அமெரிக்க மதுரை மிஷன் 1834 முதலே இயங்கியது. இன்றைய விருதுநகர் மாவட்டத்து அருப்புக்கோட்டையும் அதன் பணிக்களங்களுள் ஒன்று. 1881இல் பசுமலையில் கல்லூரியாகத் தொடங்கிய அமெரிக்கன் கல்லூரியும் அருகிலேயே இருந்தது. அமெரிக்கர் இருந்தும் அவ்விளையாட்டு பரவவில்லை எனில், மக்களின் வருகை மட்டும் ஒரு விளையாட்டைக் கொண்டுவராது என்பது தெளிவு. உடல்மோதலைத் தமிழர் விரும்பாமையே காரணம் என்பது இரண்டாவது. பாடிவருபவரைப் பிடித்து மடக்கும் சடுகுடுவும் ஏறுதழுவலும் வழங்கும் நாட்டில் இவ்வாதம் நிற்காது.

5. கரிசல் மண்ணின் கணக்கு

எஞ்சுவன திடலும் கருவியுமாகும். இன்றைய அளவின்படி அமெரிக்கக் கால்பந்துத் திடலுக்கு ஏறத்தாழ 5,350 சதுர மீட்டர் தேவை. கையுந்துபந்து ஆடுகளத்துக்கு 162 சதுர மீட்டர் போதும். முன்னதன் பரப்பில் பின்னது முப்பதுக்கும் மேல் அடங்கும். மழை குறைந்த கரிசல் காட்டில், வெடித்துக் கிடக்கும் நிலத்தில் வெறுங்காலோடு ஆடும் இளைஞருக்கு இரண்டு கம்பங்களும் ஒரு வலையும் ஒரு பந்தும் கைக்கெட்டும் பொருள்கள். தலைக்கவசமும் தோள்காப்பும் அவ்வாறல்ல. இப்பகுதியின் கல்வி நிறுவனங்களும் பெருஞ்செல்வத்தில் எழுந்தவையல்ல. 1889இல் தொடங்கிய, காமராசர் பயின்ற விருதுநகர் சத்திரிய வித்தியாசாலை, வணிகர்கள் தத்தம் வணிகத்திலிருந்து பொதுநன்மைக்கு ஒதுக்கும் மகமை நிதியால் நடந்தது. 1923இல் தீப்பெட்டித் தொழில் சிவகாசியில் தொடங்கிய பிறகு பெருகிய செல்வமும் முதன்மையாக வகுப்பறைகளுக்கே சென்றது. 1947இல் விருதுநகரிலும் 1963இல் சிவகாசியிலும் கல்லூரிகள் எழுந்தன. சிக்கனத்தோடு வளர்ந்த இத்தகைய நிறுவனங்கள், சிறு இடத்தில் பலரை ஆடவைக்கும் விளையாட்டுகளை ஏற்றுக்கொண்டது இயல்பே.

பெருந்திடல் வேண்டும் கிரிக்கெட் எவ்வாறு பரவியது என்று கேட்கலாம். கிரிக்கெட்டுக்குப் பேரரசின் கல்லூரிகளும் மன்றங்களும் துணையாக இருந்தன. மேலும் அது தெருவுக்கும் களத்துமேட்டுக்கும் ஏற்பத் தன்னைச் சுருக்கிக்கொண்டது. அமெரிக்கக் கால்பந்துக்கு இவ்விரு வாய்ப்புகளும் இங்கே வாய்க்கவில்லை. 2011இல் அறிவிக்கப்பட்டு, சென்னையின் பெயரிலும் ஓர் அணியைக் கொண்டிருந்த எலைட் கால்பந்து லீக் நிலைக்காமற்போனதும் இதையே உறுதிசெய்கிறது. தொலைக்காட்சி முதலீடு இருந்தது. பள்ளித் திடலில் அதைக் கற்பிக்க ஆசிரியர் இருக்கவில்லை.

6. முடிவுரை

1905இல் சிகாகோ அணி பெற்ற வெற்றி ஒரு பருவத்தோடு முடிந்தது. அப்பல்கலைக்கழகம் 1939இல் தன் உயர்நிலைக் கால்பந்து அணியையே கலைத்துவிட்டது. அவ்வணியின் பயிற்றுநர் ஒரு காலத்தில் ஆடிய ஸ்பிரிங்பீல்டு கூடத்திலும் அங்கே பயின்றவரிடமும் பிறந்த எளிய ஆட்டங்களோ, ஆசிரியர் மரபின் வழியாகக் கரிசல் கிராமங்கள்வரை வந்து வாழ்கின்றன. எனவே விளையாட்டு வரலாற்றை எழுதுவோர் வெற்றிப் பட்டியல்களோடு நின்றுவிடாமல், உடற்கல்வி ஆசிரியர்களின் பணியையும் ஆராய வேண்டும். தென்மாவட்டங்களின் பழைய பள்ளி ஆண்டு மலர்களும், போட்டிச் சுவரொட்டிகளும், விளையாட்டு மன்றங்களின் பதிவேடுகளும் இந்த ஆய்வுக்கான முதன்மைச் சான்றுகள். அவை கரையானுக்கு இரையாகும் முன் தொகுத்துக் காப்பது அப்பகுதிக் கல்லூரிகளின் வரலாற்றுத் துறைகளும் உடற்கல்வித் துறைகளும் இணைந்து ஏற்க வேண்டிய கடமையாகும்.