நிழலில் பிறந்த கோப்பை

1214ஆம் ஆண்டு, ஜப்பானின் காமகுரா நகரம். நாட்டின் ராணுவ ஆட்சித் தலைவரான ஷோகன் மினமோட்டோ நோ சானெடோமோ உடம்பு சரியில்லாமல் கிடந்தார். பெரிய நோய் ஒன்றுமில்லை. முந்தைய இரவு குடித்த மது இன்னும் இறங்கவில்லை. பிரார்த்தனை செய்ய வந்த எய்சாய் என்ற முதிய துறவி, இதற்கு நல்ல மருந்து ஒன்று இருக்கிறது என்று சொல்லித் தன் கோயிலிலிருந்து ஒரு கிண்ணத்தை வரவழைத்தார். கூடவே தான் எழுதிய ஒரு நூலையும் கொடுத்தார். கிண்ணத்தில் இருந்தது தேநீர். ஷோகன் மகிழ்ந்துபோனார். ஒரு தலைவலியில் தொடங்கிய அந்த அரச ஆதரவு, எண்ணூறு ஆண்டுகள் கடந்து எங்கே போய் நிற்கும் என்று அந்தத் துறவிக்கே தெரிந்திருக்காது.

எய்சாய் சீனாவுக்கு இருமுறை போய் வந்தவர். 1191இல் திரும்பியபோது ஜென் பௌத்தத்தோடு தேயிலை விதைகளையும் கொண்டுவந்தார். அப்போது சீனாவை ஆண்ட சோங் அரசர்களின் காலத்தில் தேநீரை வடிகட்டிக் குடிக்கவில்லை. இலையை ஆவியில் வேகவைத்து உலர்த்தி, மாவாக அரைத்து, வெந்நீர் ஊற்றி மூங்கில் துடைப்பத்தால் நுரை வர அடித்தார்கள். இலையின் சத்து, கசப்பு, பச்சை அத்தனையும் வயிற்றுக்குள் போய்விடும். எய்சாய் அந்தப் பழக்கத்தை அப்படியே கடல் தாண்டிக் கொண்டுவந்தார். நல்ல நேரத்தில்தான் கொண்டுவந்தார். ஏனென்றால், அதன் தாய்நாட்டில் அதற்கு ஆயுள் அதிகமில்லை.

1391இல் மிங் வம்சத்தின் முதல் பேரரசர் ஹோங்வு ஒரு கட்டளை போட்டார். அரைத்துக் குடிப்பதற்காக வில்லை வில்லையாக அச்சில் தட்டிய தேயிலையை அரண்மனைக்குத் திறையாகக் கட்டும் முறைக்கு அதோடு முற்றுப்புள்ளி. அந்த வேலை குடிமக்களை வாட்டுகிறது, இனி உதிரி இலையே போதும் என்றார். நல்ல மனதோடு போட்ட கட்டளைதான். ஆனால் அதன்பின் சீனா இலையை வெந்நீரில் ஊறவைத்துக் குடிக்கும் வழிக்கு மாறியது. பொடியும் துடைப்பமும் மெல்ல மறக்கப்பட்டன. பொடித் தேநீரின் முழுப் பொறுப்பும் ஜப்பானின் தலையில் விழுந்தது. அங்கேயோ அதற்கு வேறொரு எதிரி காத்திருந்தது: பனி.

கியோத்தோவுக்குத் தெற்கே இருக்கும் ஊஜியில் வசந்த காலத்தில்தான் கொழுந்து விடும். அந்த நேரத்தில் ஓர் இரவு உறைபனி விழுந்தால் போதும், ஆண்டு முழுவதற்குமான வரும்படி கருகிவிடும். தோட்டக்காரர்கள் செடிகளுக்கு மேல் கம்பு நட்டு, நாணல் தட்டியும் வைக்கோலும் பரப்பிக் கூரை போட்டார்கள். 1577இல் ஜப்பானுக்கு வந்து சேர்ந்த ஜுவாவ் ரோட்ரிகஸ் என்ற போர்த்துகீசியப் பாதிரியார் இந்தக் கூரைகளைப் பற்றி எழுதிவைத்திருக்கிறார். பனிக்காகப் போட்ட கூரை வெயிலையும் மறைத்தது. வெளிச்சம் கிடைக்காத செடி வீணாய்ப் போயிருக்க வேண்டும். நடந்ததோ வேறு.

இருட்டில் தவித்த இலை, கிடைக்கிற கொஞ்ச ஒளியையும் பிடித்துக்கொள்ளப் பச்சையத்தைப் பெருக்கியது, நிறம் மரகதமானது. துவர்ப்பு குறைந்து நாக்கில் ஒரு தித்திப்பு தங்கியது. காரணம் புரியச் சில நூற்றாண்டுகள் ஆயின. தேயிலையின் வேரில் உருவாகி இலைக்கு ஏறும் ஒரு பொருளை 1949இல் ஜப்பானிய ஆய்வாளர் சகாத்தோ பிரித்தெடுத்தார். தியானின் என்று அதற்குப் பெயர். வெயில் பட்டால் அது துவர்ப்புப் பொருளாக மாறிவிடும். நிழலில் அப்படியே தங்கிவிடும். பனிக்குப் பயந்த விவசாயிகள் இந்த வேதியியலின் பெயர் தெரியாமலேயே அதன் பலனைப் பறித்துக்கொண்டிருந்தார்கள். அந்த இலையின் நரம்பையும் காம்பையும் நீக்கிக் கல் எந்திரத்தில் அரைத்தால் மணிக்கு 40 கிராம்தான் விழும். வேகமாகச் சுற்றினால் கல் சூடேறி மணம் போய்விடும். இப்படியாக மாட்சா என்ற பச்சைப் பொடி தயாராகிவிட்டது. அதன் ஜோடி உலகத்தின் மறுபக்கத்தில், இன்னொரு நிழலில் இருந்தது.

அமெரிக்கக் கண்டத்தின் வெப்பக் காடுகளில், ஓங்கிய மரங்களின் அடியில் வாழ்வது கோகோ. கிளை நுனியை விட்டுவிட்டு நடுமரத்திலேயே பூக்கும். உதிர்ந்த சருகுகளில் வளரும் கண்ணுக்கு எளிதில் தெரியாத அளவு சின்னப் பூச்சிகள் மகரந்தம் சேர்த்தால்தான் காய்க்கும். நிழலும் ஈரமும் சருகும் இல்லாவிட்டால் அதற்குப் பிழைப்பு இல்லை. மெக்சிகோ மக்கள் அதன் விதையை அரைத்து நுரைக்க ஆற்றிக் குடித்தார்கள். ஸ்பானியர்கள் அதை ஐரோப்பாவுக்குக் கொண்டுபோனார்கள். ஆனால் கோகோ விதையில் ஏறக்குறைய பாதி கொழுப்பு. கோப்பையின் மேல் எண்ணெய் மிதந்தது, வயிறு மந்தமானது. ஐரோப்பா முகம் சுளித்துக்கொண்டே குடித்தது.

இதற்கிடையில் அந்தச் செடி தமிழ்நாட்டையே எட்டிப் பார்த்துவிட்டது. 1796இல் டச்சுக்காரர்களிடமிருந்து அம்போய்னா தீவை ஆங்கிலேயர் பிடித்தார்கள். அங்கிருந்து வந்த கோகோ 1798இல் குற்றாலத்தில் நடப்பட்டது. இந்தியாவில் கோகோ வேர்விட்ட முதல் மண் அதுதான் என்பது குற்றாலத்துக்காரர்களில் பலருக்கும் புதுச் செய்தியாக இருக்கும். அருவிச் சாரல், மலை நிழல், ஈரக்காற்று, எல்லாம் பொருந்தியும் அது பயிராகப் பரவவில்லை. அதே ஆண்டுகளில், வங்காள விரிகுடாவின் அந்தப் பக்கம் இன்னொரு முயற்சியும் தோற்றுக்கொண்டிருந்தது. 1789இல் ஆர்ச்சிபால்ட் பிளேர் அந்தமானின் சாத்தம் தீவில் குடியேற்றம் ஒன்றைத் தொடங்கினார். 1792இல் அதை வடக்கே மாற்றினார்கள். காய்ச்சலும் சாவும் தாங்காமல் 1796இல் கைவிட்டார்கள். காடு மறுபடி மூடிக்கொண்டது, அறுபது ஆண்டுகளுக்கு.

கோகோவின் மந்தத்துக்கு ஆம்ஸ்டர்டாமில் மருந்து கிடைத்தது. 1828இல் வான் ஹூட்டன் குடும்பத்தார் ஓர் அழுத்து எந்திரத்துக்குக் காப்புரிமை வாங்கினார்கள். வறுத்து அரைத்த கோகோவை அதில் நசுக்கினால் கொழுப்பில் பாதி வடிந்துவிடும். மிஞ்சுவது ஒரு கெட்டிப் பிண்ணாக்கு. அதைப் பொடித்தால் கோகோ பவுடர். கொஞ்சம் காரச் சத்து (ஆல்கலி) சேர்த்தால் புளிப்பு அடங்கி, நிறம் கருத்து, வெந்நீரில் நன்றாகக் கலந்தது. வடிந்த கொழுப்புக்கு அப்போது பெரிய மதிப்பில்லை. அந்தக் கழிவுதான் பிற்காலத்தில் கதையின் முடிச்சை அவிழ்க்கப் போகிறது.

அந்த எந்திரம் இங்கிலாந்தில் ஒரு குடும்பத்தையும் காப்பாற்றியது. பர்மிங்காமில் அப்பாவின் தொழிலை ஏற்ற காட்பரி சகோதரர்கள் இருவரும் கடையை மூடும் நிலைக்கு வந்திருந்தார்கள். மீதமிருந்த பணத்தைப் போட்டு வான் ஹூட்டனின் எந்திரத்தை வாங்கி, 1866இல் கலப்படமில்லாத கோகோ பவுடரை விற்பனைக்கு விட்டார்கள். தப்பித்தார்கள். மாவு கலந்த பழைய கோகோவைக் கைவிட்டு, கோப்பையில் சூடாகக் குடிக்கும் கோகோவுக்கு மக்கள் மாறினார்கள். ஆக, பச்சைப் பொடியும் பழுப்புப் பொடியும் இரண்டுமே உலகில் இருந்தன. இரண்டின் செடிகளும் ஒரே மண்ணில் நிற்கவேண்டுமென்றால் எங்கே நிற்கும்?

1858 மார்ச் 10 அன்று டாக்டர் ஜே.பி. வாக்கர், 1857 எழுச்சிக்குப் பிந்தைய 200 கைதிகளோடு அந்தமானின் போர்ட் பிளேர் துறைமுகத்தில் வந்து இறங்கினார். காட்டை வெட்டியவர்கள் அவர்கள், சதுப்பைத் தூர்த்தவர்கள் அவர்கள், செத்தவர்களும் அவர்களே. வெட்டிய இடத்தில் என்னென்ன விளையும் என்று அரசு நட்டுப் பார்த்தது. 1911இல் வந்த பிரிட்டானிகா கலைக்களஞ்சியம், அந்தமானுக்கு வெளியிலிருந்து வந்த செடிகளைப் பட்டியல் போடுகிறது: தேயிலை, காப்பி, கோகோ, சரியாக வராத ரப்பர், மணிலா நார், தேக்கு, தென்னை. தேயிலை கணிசமாக விளைந்தது என்றும், அதற்குக் கைதிக் குடியிருப்பின் நிர்வாகத்தில் தனித் துறையே இருந்தது என்றும் எழுதுகிறது. தேயிலையும் கோகோவும் ஒரே தீவில், கால்விலங்கின் தழும்பு ஆறாத கைதிகளின் உழைப்பில் நின்றன. ஒரு கோப்பைக்கு வேண்டியது கிட்டத்தட்ட முழுவதும் அங்கே இருந்தது.

பிழிவதற்கு எந்திரம் இல்லையா? இருந்தது. அதுதான் நெஞ்சை உறுத்துவது. 1906இல் கட்டி முடிந்த செல்லுலார் சிறையில் மாட்டுக்குப் பதிலாக மனிதனைப் பூட்டிய செக்குகள் சுற்றின. நாள் ஒன்றுக்கு 30 பவுண்டு தேங்காய் எண்ணெய் கணக்கு; குறைந்தால் தண்டனை. கோவைச் சிறையில் வ.உ.சி. இழுத்த செக்கின் கொடுமை கடலுக்கு அப்பால் நூற்றுக்கணக்கில் பெருகியிருந்தது. கொட்டையைப் பிழிந்து கொழுப்பைப் பிரிக்கும் தொழிலை, இந்தியாவில் வேறெந்த ஊரையும்விடக் கொடூரமான விலை கொடுத்துக் கற்றது அந்தத் தீவு. ஆனால் தேயிலைக்குக் கூரை போட்டு நிழல் தர ஊஜியின் அனுபவம் அங்கே இல்லை. கோகோவும் தேயிலையும் பக்கத்தில் நின்றும் சந்திக்கவில்லை. பிறகு ஊஜியின் நாடே அந்தமானுக்கு வந்தது.

1942 மார்ச் 23இல் ஜப்பானியப் படை போர்ட் பிளேரில் இறங்கியது. தேநீரைத் தவமாக்கிய நாட்டின் படை, தீவுக்குக் கொண்டுவந்தது சித்திரவதையும் பஞ்சமும். 1944இல் அவர்களின் சித்திரவதையால் டாக்டர் திவான் சிங் செல்லுலார் சிறையில் உயிர்விட்டார். அதே ஆண்டு ஹம்ப்ரிகஞ்சில் 44 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். மூன்றரை ஆண்டுகள் கழித்து அவர்கள் போனபோது, எலும்பும் தோலுமாக மக்கள் மிஞ்சியிருந்தார்கள். இந்தப் பக்கத்தைத் தாண்டிப் பானத்தின் கதையைத் தொடர மனம் கூசுகிறது. ஆனாலும் தீவு பிழைத்தது; அடுத்த வாய்ப்பு இலங்கையிலிருந்து வந்தது.

1964இல் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் இடையே சாஸ்திரி – சிறிமாவோ ஒப்பந்தம் கையெழுத்தானது. கண்டி, நுவரெலியா மலைகளில் தலைமுறை தலைமுறையாகக் கொழுந்து பறித்து, லயங்களில் வாழ்ந்த தமிழ்க் குடும்பங்கள் தாயகம் திரும்பியவர்கள் என்ற பெயரோடு கப்பலேறின. அவர்களில் சில குடும்பங்கள் நிக்கோபாரின் கச்சால் தீவுக்கு அனுப்பப்பட்டன. தேயிலையை நன்றாகத் தெரிந்த கைகள்! ஆனால் கச்சாலில் அவர்களுக்குக் கிடைத்தது ரப்பர் தோட்டம். கொழுந்து கிள்ளிய விரல்கள் பால்வெட்டக் கற்றுக்கொண்டன. 2004 டிசம்பர் 26 சுனாமி மிகக் கடுமையாகத் தாக்கிய தீவுகளில் கச்சாலும் ஒன்று.

அதே 2004இல்தான் முடிச்சு அவிழ்ந்தது, ஜப்பானில். கோகோவிலிருந்து வடிந்த கழிவுக் கொழுப்பில் பாலும் சர்க்கரையும் சேர்த்து எப்போதோ வெள்ளைச் சாக்லேட் செய்துவிட்டிருந்தார்கள். 1996இல் ஜப்பானில் பச்சைத் தேநீர்ப் பொடி போட்ட ஹாகன்டாஸ் ஐஸ்கிரீம் வந்து பிரபலமாகியிருந்தது. 2004இல் வெள்ளைச் சாக்லேட்டில் அந்தப் பொடியைக் கலந்து பச்சை நிறக் கிட்கேட்டை வெளியிட்டார்கள். ஒரு காலத்தில் தேநீர்ச் சடங்கு அறையை விட்டு இறங்காத பொடி, கோகோவின் கொழுப்போடு கை கோத்தது. கொழுப்போடு சேர்ந்தது பழுப்புப் பொடியோடு சேர எத்தனை நாள் ஆகும்? காபிக் கடைகளிலும் வீட்டு அடுப்படியிலும் இரண்டு டப்பாக்களும் ஒரே கோப்பைக்குள் கவிழ்ந்தன.

அதுதான் இன்று மாட்சா கோகோ என்று குளிருக்கும் மழைக்கும் சூடாகக் குடிக்கிற பானம். குற்றாலத்தில் கைநழுவிய கோகோவும் இந்தியாவில் ஒருவழியாகக் காலூன்றிவிட்டது: 1965இல் வயநாட்டின் சுண்டேலில் காட்பரி நிறுவனம் சோதனைத் தோட்டம் போட, இன்று பொள்ளாச்சித் தென்னந்தோப்புகளின் நிழலில் அது ஊடுபயிர். தென்னையும் பாக்குமாக நிறைந்த அந்தமானில் அந்த நிழலுக்குப் பஞ்சமே இல்லை. கைதிகள் வளர்த்த மரத்துக்கு அங்கே இன்னொரு வாய்ப்பு கொடுத்துப் பார்க்கலாம்.

பானத்தைத் தீவு முறையில் செய்யத் தேங்காய்ப் பால்தான் சரி. ஒரு கோப்பைக்குக் கோகோ ஒன்றரைத் தேக்கரண்டி, பச்சைப் பொடி அரைத் தேக்கரண்டி. கோகோவின் குரல் பெரிது என்றாலும் பச்சையைக் கூட்டினால் துவர்ப்பு முன்னுக்கு வந்துவிடும். கோகோவையும் சர்க்கரையையும் கொதிநீர் சிறிது விட்டுக் கட்டியில்லாமல் குழைக்க வேண்டும். பச்சைப் பொடியைச் சலித்துத் தனியாக, கொதி அடங்கி 80 டிகிரிக்கு இறங்கிய நீரில் அடித்துக்கொள்ள வேண்டும். கொதிக்கிற நீர் அதைக் கசக்க வைத்துவிடும். தேங்காய்ப் பால் திரிந்துவிடாமல், ஓரத்தில் ஆவி கிளம்பும்போதே இறக்கிக் கோகோவோடு சேர்த்து, கடைசியில்தான் பச்சையை ஊற்றுவது. வான் ஹூட்டன் முறைப்படி காரச் சத்து சேர்த்த கோகோவாக இருந்தால் புளிப்பு தலைகாட்டாது, தேயிலையின் தித்திப்பும் அடிபடாது.