பச்சையை மட்டும் மாற்றிய கதை

சினிமாவில் நிறத்தைத் திருத்துவது புதுசு இல்லை. ஃபிலிம் காலத்திலேயே லேபில் பிரிண்ட் போடும்போது சிவப்பு, பச்சை, நீலம் என மூன்று ஒளிகளையும் கூட்டிக் குறைப்பார்கள். ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 50 வரை படிகள். சிக்கல் என்னவென்றால், பச்சையில் கை வைத்தால் செடியோடு சேர்ந்து நடிகர் முகமும் வானமும் மாறும். "இலையை மட்டும் மாத்துப்பா, மூஞ்சியைத் தொடாதே" என்று அந்த மெஷினிடம் சொல்ல வழியில்லை.

1999 கோடையில் கோயன் சகோதரர்கள் 'ஓ பிரதர், வேர் ஆர்ட் தௌ?' படத்தை அமெரிக்காவின் மிசிசிப்பியில் எடுத்தார்கள். 1930களின் கதை. கையால் வண்ணம் தீட்டிய பழைய போட்டோ மாதிரி, புழுதி படிந்த மஞ்சள் நிலம் வேண்டும். அங்கேயோ எங்கே திரும்பினாலும் பச்சைப் பசேல்! ஒளிப்பதிவாளர் ரோஜர் டீக்கின்ஸ் முதலில் ரசாயன முறைகளைச் சோதித்தார். சரிப்படவில்லை. கடைசியில் படம் முழுவதையும் ஸ்கேன் செய்து, சினிசைட் நிறுவனத்தில் வாரக்கணக்கில் உட்கார்ந்து நிறம் திருத்தி, மறுபடி ஃபிலிமுக்குக் கொண்டுவந்தார்கள். படம் 2000-இல் வெளிவந்தது. ஒளிப்பதிவுக்கு ஆஸ்கார் பரிந்துரையும் கிடைத்தது.

இதன் கணக்கு எலக்ட்ரானிக்ஸ் படித்தவர்களுக்குப் பழகினதுதான். நிறங்களை வட்டமாக வையுங்கள்: சிவப்பு 0 டிகிரி, மஞ்சள் 60, பச்சை 120, நீலம் 240. பச்சையைச் சுற்றியுள்ள பகுதியை மட்டும் பிடித்து மஞ்சள் பக்கம் திருப்ப வேண்டும். நம்ம பேண்ட்பாஸ் ஃபில்டரேதான்! ஓரத்தைச் செங்குத்தாக வெட்டினால் இலை விளிம்பில் பிசிறு தெரியும். ரொம்பச் சரிவாக விட்டால் மனிதத் தோலைத் தொட்டுவிடும். தோலின் இடம் சிவப்புக்கும் மஞ்சளுக்கும் நடுவே. (ஆள் கறுப்போ சிவப்போ, கோணம் ஏறக்குறைய ஒன்றுதான், வித்தியாசம் பெரும்பாலும் வெளிச்சத்தில்!) திருப்பினால் மட்டும் போதாது. நிறத்தின் அடர்த்தியையும் இறக்கினால்தான் காய்ந்த புல் மாதிரி இருக்கும், இல்லையென்றால் எலுமிச்சம்பழம்தான்.

அப்போது இதற்குத் தனி அறையும் விலை உயர்ந்த சாதனங்களும் வேண்டும். 2009-இல் டாவின்ச்சியை பிளாக்மேஜிக் வாங்கியது. 2011-இல் 'ரிசால்வ்' மென்பொருளின் இலவசப் பதிப்பு வந்தது. அதில் 'ஹியூ வெர்சஸ் ஹியூ' என்ற வளைகோட்டை இழுத்தால் இதே வேலை நடக்கும். போதாதவர்களுக்குப் பிளகின்களும் உண்டு.

ஆனால் இலையும் சட்டையும் ஒரே பச்சையென்றால் வளைகோட்டுக்கு இரண்டும் ஒன்றுதான். சட்டையைச் சுற்றி மாஸ்க் வரைந்து, ஆள் நகரும் பக்கமெல்லாம் கூடவே நகர்த்த வேண்டும். ஷார்ட் ஃபிலிம் எடுக்கும் தம்பி தங்கைகளே, மரத்தடியில் நிற்கும் ஹீரோவுக்குப் பச்சைச் சட்டை போட்டுவிடாதீங்க!