டார்க் பீக் மேட்டுநிலம்

நிலநூற் பாடத்தில் ‘மூர்’ என்னும் சொல் வந்தால், ‘பாழ்நிலம்’ என்று ஒரே சொல்லில் பொருள் கூறி மேலே செல்வது நம் வகுப்பறை வழக்கம். மாணவரும் அதை மனிதக் கை படாத வெறும் வெளி என்றே கொள்கின்றனர். இங்கிலாந்தில் மான்செஸ்டர் நகருக்கும் ஷெபீல்ட் நகருக்கும் இடையே கிடக்கும் டார்க் பீக் என்ற மூர் நிலத்தின் வரலாற்றை அறிந்தோர் அவ்வாறு கூறார்.

பீக் என்ற பெயரை நம்பிக் கூரிய சிகரங்களை இங்குத் தேட வேண்டா. மிக உயர்ந்த இடமாகிய கிண்டர் ஸ்கௌட் 2,087 அடிதான்; நம் தானா ராத்தாவின் உயரத்தில் பாதிகூட இல்லை. உச்சியும் தட்டையே. அடியில் இருப்பது ஏறத்தாழ 32 கோடி ஆண்டுகளுக்கு முன் பேராற்றுக் கழிமுகத்தில் படிந்து இறுகிய மணற்கல். மாவரைக்கும் எந்திரக்கற்களை இதிலிருந்து வெட்டினர். வாங்குவாரின்றி விடப்பட்ட கற்கள் ஸ்டானேஜ் பாறைச் சரிவின் கீழ் இன்றும் கிடக்கின்றன.

கல்லின்மேல் பீட் என்னும் கரிய மண் போர்வைபோல் மூடியுள்ளது. குளிரிலும் ஓயா ஈரத்திலும் முற்றும் மட்காமல் பல்லாயிரம் ஆண்டுகளாகச் சேர்ந்த பாசியும் புல்லுமே இம்மண். சில இடங்களில் 10 அடிக்கும் மிகும். இதன் அடியிலிருந்து மரக்கட்டைகள் வெளிப்படுகின்றன. கற்கால வேட்டுவரின் சிறு கற்கருவிகளும் கிடைத்துள்ளன. ஆகவே, இங்கு ஒருகாலத்தில் காடு இருந்தது. மக்கள் அதைச் சுட்டனர், வெட்டினர். ஈரம் மிகுந்து எஞ்சியது மடிந்தது. முல்லையும் குறிஞ்சியும் இயல்பு திரிந்தே பாலையாகும் என்ற நம் முன்னோர் கருத்து இங்கு நினைவுக்கு வருகிறது. அங்குத் திரித்தது வெயில். இங்கு மழையும் மனிதனும்.

பின்னர்ப் பஞ்சாலைகள் வந்தன. மேல்காற்று மான்செஸ்டர் வட்டாரத்தின் நிலக்கரிப் புகையை இம்மேட்டின்மீது கொண்டுவந்து கொட்டியது. கந்தகம் கலந்த மழையில் ஸ்பாக்னம் பாசி மாண்டது. நீரை உறிஞ்சித் தேக்கிப் பீட் மண்ணைக் காப்பது அப்பாசியே. காவல் போனதும் மழைநீர் கரிய மண்ணை ஆள் மறையும் ஆழத்துக்கு அறுத்துச் சென்றது.

அந்த 19-ஆம் நூற்றாண்டிலேயே, பொது மேய்ச்சல் நிலமாக இருந்த மேடும் சட்டத்தின் துணையால் நிலப்பிரபுக்கள் கைக்குப் போயிற்று. கிரௌஸ் என்னும் காட்டுப்பறவையை அவர்கள் வேட்டையாடியது ஆண்டில் சில நாள். காவலோ ஆண்டு முழுவதும். வாரமெல்லாம் புகையில் உழைத்தவன் ஞாயிறன்று நல்ல காற்றை நாடி மலைக்குச் சென்றால், தடியுடன் காவலர் நின்றனர்.

1932 ஏப்ரல் 24-ஆம் நாள், பென்னி ராத்மன் என்ற 20 வயது இளைஞரின் தலைமையில் சுமார் 400 பேர் ஹேபீல்ட் ஊரிலிருந்து புறப்பட்டுக் கிண்டர்மீது ஏறினர். காவலருடன் கைகலப்பு நேர்ந்தது. ஐவருக்கு 2 முதல் 6 மாதம் வரை சிறை கிடைத்தது. நடைப்பயணச் சங்கங்களே அன்று இதை ஆதரிக்கவில்லை. ஏறியதைவிட, ஏறியதற்குக் கிடைத்த தண்டனையே நாட்டின் மனத்தை அசைத்தது என்பேன். 1949-இல் தேசியப் பூங்காச் சட்டம் பிறந்தது; 1951-இல் இவ்வட்டாரம் பிரிட்டனின் முதல் தேசியப் பூங்காவாயிற்று. திறந்த மேட்டுநிலங்களில் உலவும் உரிமையை 2000-ஆம் ஆண்டுச் சட்டம் வழங்கியது. 2002-இல் நடந்த 70-ஆம் ஆண்டு விழாவில், அன்றைய நிலவுடைமையாளரின் பேரரான டெவன்ஷயர் கோமகன் மன்னிப்புக் கேட்டார்.

இதற்கிடையே நகரங்களின் தாகத்துக்காக லேடிபவர் நீர்த்தேக்கம் எழுந்தது. டெர்வெண்ட், ஆஷப்டன் என்னும் இரு சிற்றூர்கள் அதனுள் மூழ்கின.

உரிமை பெற்ற கால்களும் மண்ணைத் தேய்த்தன. 1965-இல் திறக்கப்பட்ட பெனைன் நெடுவழி இங்குள்ள ஈடேல் சிற்றூரில் தொடங்குகிறது. அது பல இடங்களில் சேறாகி அகன்றது. 2003 முதல் ஒரு கூட்டமைப்பு வெற்றுமண்ணில் புல்லையும் ஸ்பாக்னம் பாசியையும் மீண்டும் வளர்த்து வருகிறது. தேய்ந்த வழியில் பரப்புவதற்கோ, கைவிடப்பட்ட பஞ்சாலைகளின் தளக்கற்களை ஹெலிகாப்டரில் தூக்கி வந்தனர். இயந்திரங்களைப் பொருத்திய துளைகள் அவற்றுள் சிலவற்றில் இன்றும் தெரிகின்றன.