மக்காவில் பாய்ந்த தமிழ் ஆறு

ஓசூரிலும் கிருஷ்ணகிரியிலும் வாழும் முஸ்லிம் குடும்பங்களுக்கு மக்கமா நகர் இன்று எட்டாத தொலைவில் இல்லை. மாநில எல்லையைக் கடந்தால் பெங்களூரு; அந்நகரின் வடகோடியில் விமான நிலையம்; அங்கிருந்து சில மணி நேரப் பயணம். உம்றா முடித்துத் திரும்புவோரின் கைப்பேசிகளில் ஹரம் ஷரீஃபும், அதனருகே 601 மீட்டர் உயர்ந்து நிற்கும் கடிகாரக் கோபுரமும், சுற்றிலும் புல் முளைக்காத பாறை மலைகளும் பதிவாகியிருக்கின்றன. மக்கா எப்படி இருக்கும் என்பது நம் பிள்ளைகளுக்குத் தெரியும்.

அப்படித் தெரிந்த ஒரு பிள்ளையிடம் சீறாப்புராணத்தின் நாட்டுப் படலத்தையும் நகரப் படலத்தையும் எடுத்துச் சொன்னால் என்ன நிகழும்? மேகங்கள் கடல்நீரை முகந்து மலைமீது பொழிகின்றன. வெள்ளம் மலைப்பொருள்களை வாரிக்கொண்டு இறங்கிச் சமவெளியில் பரவுகிறது. உழவர் உழுகின்றனர், பெண்கள் களை பறிக்கின்றனர், நெல் விளைந்து களம் நிறைகிறது. அடுத்து வரும் மக்கா நகரமோ அகழியும் மதிலும் மாட மாளிகையும் கடைத்தெருவுமாகக் காட்சி தருகிறது. "அரபு நாட்டில் நெல்வயல் ஏது?" என்று பிள்ளை கேட்கும். கேட்கத்தான் வேண்டும்.

அக்கேள்விக்குத் திருமறையே துணை நிற்கிறது. இப்ராஹீம் நபி (அலை) அவர்கள் தம் சந்ததியை விட்டுச்சென்ற இடத்தை, பயிர் விளையாத பள்ளத்தாக்கு என்றே தம் துஆவில் குறிப்பிடுகிறார்கள். அவ்வாறாயின் உமறுப்புலவர் திருமறைக்கு மாறாகப் பாடிவிட்டாரா? சீறாவைக் கற்பனை என்று ஒதுக்குவோர் நம்மிடையே உண்டு. அவர்கள் முதலில் சுட்டுவது இப்பகுதியைத்தான். வரலாற்றை அறிந்தபின் தீர்ப்புச் சொல்வது நன்று.

உமறுப்புலவர் 17ஆம் நூற்றாண்டினர்; எட்டயபுரம் அரண்மனைப் புலவர்; கடிகைமுத்துப் புலவரின் மாணவர். கீழக்கரை வள்ளல் சீதக்காதியின் வேண்டுகோளால் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் வரலாற்றைக் காப்பியமாக்க முனைந்தார். அரபு மூலங்களில் உள்ள செய்திகளைச் சதக்கத்துல்லாஹ் அப்பா அவர்களின் வழிகாட்டுதலால் பெற்றார் என்பது வழிவழி வந்த செய்தி. பரங்கிப்பேட்டை அபுல் காசிம் மரைக்காயரின் ஆதரவில் நூல் வளர்ந்தது. விலாதத்து, நுபுவ்வத்து, ஹிஜ்ரத்து என மூன்று காண்டங்கள், 92 படலங்கள், ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட பாடல்கள். 1842இல் அது அச்சேறியது.

இங்கு ஒரு வேறுபாட்டை நாம் கவனிக்க வேண்டும். நபிகளாரின் பிறப்பு, நுபுவ்வத், ஹிஜ்ரத், போர்கள் ஆகியவற்றை ஆலிம்களிடம் கேட்டறிந்தே புலவர் பாட வேண்டியிருந்தது. அங்கே அவருக்கு ஆசான்கள் இருந்தனர். நாட்டையும் நகரையும் பாடும்போது அவர் நம்பியது தமிழ் இலக்கணத்தை. மலை, கடல், நாடு, வளநகர், பருவம் ஆகியவற்றை வருணிப்பது பெருங்காப்பிய இலக்கணம் என்கிறது தண்டியலங்காரம். கம்பரும் அவ்வாறே செய்தார். அவருடைய கோசலத்தில் பாயும் சரயுவில் நாம் காண்பது காவிரியைத்தான். அதற்காக எவரும் கம்பர் அயோத்தியை அறியாதவர் என்று வழக்குத் தொடுத்ததில்லை. கேட்போருக்கு அது மரபென்று தெரிந்திருந்தது. உமறுப்புலவரின் அவையினருக்கும் தெரிந்தே இருக்கும். நமக்குத்தான் அந்தப் பழக்கம் விட்டுப்போயிற்று.

மேலும், சீறாவை முதலில் கேட்டவர்களில் பெரும்பாலோர் மக்காவைக் காணாமலே மறைந்தவர்கள். பாய்மரக் கப்பலும் பருவக்காற்றுமே அன்றைய வழி. காணாத நகரின் பெருமையை உணர்த்த, கண்ட பொருள்களைத் தவிரப் புலவனிடம் வேறு கருவி இல்லை. பெருநகர் எப்படி இருக்கும் என்பதற்குத் தமிழில் முன்மாதிரிகளும் இருந்தன. பட்டினப்பாலை காவிரிப்பூம்பட்டினத்தைக் காவிரியோடு சேர்த்தே பாடுகிறது. கடல்வழி வந்த குதிரைகளையும் பல மொழி பேசும் மக்களையும் காட்டுகிறது. மதுரைக்காஞ்சி பகற்கடையையும் இரவுக்கடையையும் காட்டுகிறது. நீரும் நெல்லும் அங்காடியும் இருந்தால் அது பெருநகர். அந்த மூன்றையும் மறுத்துவிட்டு மக்காவைப் பெருநகர் என்று சொன்னால், தாமிரபரணிக் கரையில் இருந்தவர் அதை ஏட்டளவில் ஏற்றிருப்பார், நெஞ்சு ஏற்றிருக்காது.

நாம் இன்னொரு வகையாகவும் இதை வாசிக்கிறோம். இது நம் கருத்தே. இப்ராஹீம் நபியின் துஆ பள்ளத்தாக்கின் வறட்சியோடு முடியவில்லை. மக்களின் உள்ளங்கள் அவ்விடத்தை நாட வேண்டும், அவர்களுக்குக் கனிகள் கிடைக்க வேண்டும் என்று தொடர்கிறது. அந்த துஆ ஏற்கப்பட்டபின் உள்ள மக்காவைத் தமிழில் வரைந்தால் அது ஏறத்தாழ நகரப் படலம் போலத்தான் இருக்கும். ஆறு பாயாத ஊரில் உலகின் விளைச்சல் வந்து குவிகிறது. அதைக் காட்டப் புலவர் ஆற்றையே கொண்டுவந்தார்.

மக்கா தண்ணீரே அறியாத ஊருமன்று. மலைகளுக்கு நடுவே தாழ்ந்த நிலத்தில் கஅபா அமைந்திருப்பதால், அரிதாகப் பெய்யும் பெருமழை வெள்ளமாகத் திரண்டு அங்கே பாயும். நபிகளாருக்கு 35 வயதிருக்கும்போது குறைஷியர் கஅபாவைப் புதுப்பித்துக் கட்டியதற்கு வெள்ளச் சேதமும் ஒரு காரணம். 1941இல் மதாஃப் நீரில் மூழ்கியபோது நீந்தித் தவாஃப் செய்தவர்களின் புகைப்படம் இன்றும் உலவுகிறது.

திருமறை மக்காவைச் சித்திரிக்கும் முறையோ முற்றிலும் வேறு. ஊர்களின் தாய் என்றும் அபயமளிக்கும் ஊர் என்றும் அது பெயர் சூட்டுகிறது. மாளிகைகளைப் பற்றிப் பேசவில்லை. குறைஷ் அத்தியாயத்தில் குளிர்காலப் பயணமும் கோடைப் பயணமும் வருகின்றன. பின்னர் அந்நகரத்தாருக்கு இறைவன் அளித்த இரண்டு அருட்கொடைகள் சொல்லப்படுகின்றன: பசிக்கு உணவு, அச்சத்திலிருந்து பாதுகாப்பு. ஒரு பெருநகரை அளக்க இவ்விரண்டுமே அளவுகோல் என்றால், மதுரைக்காஞ்சியின் மதில்களைவிட இது கடுமையான அளவுகோல். சிப்காட் வளாகங்களைத் தேடி வேறு மாவட்டங்களிலிருந்தும் வேறு மாநிலங்களிலிருந்தும் ஓசூருக்கு வந்து சேரும் இளைஞர்கள் தேடுவதும் இவ்விரண்டைத்தான்.

நம் வட்டாரத்தில் வீட்டுமொழி தக்கனி உருதுவாக உள்ள குடும்பங்கள் பல. அவர்களின் மரபில் நகரம் வேறொரு முகத்தோடு வருகிறது. 1591இல் ஹைதராபாத்தை நிறுவிய முகம்மது குலி குதுப்ஷா தாமே தக்கனியில் கவிபாடியவர். மழையையும் விழாவையும் தம் மாளிகைகளையும் பாடினார். அது நம் நகரப் படலத்துக்கு உறவு. வடக்கிலோ 'ஷஹ்ர் ஆஷோப்' என்னும் வகை செழித்தது. சிதைந்த நகருக்குப் பாடும் ஒப்பாரி எனலாம். 1739இல் நாதிர் ஷா தில்லியைச் சூறையாடினான். அதன்பின் தொடர்ந்த அழிவுகளின் காலத்தில் ஸவ்தாவும் மீர் தகீ மீரும் அந்நகரின் வீழ்ச்சியைப் பாடினர். 1857க்குப் பின் காலிப் தம் கடிதங்களில் மறைந்துபோன தெருக்களையும் கடைவீதிகளையும் எண்ணிப் புலம்பினார். ஒரே தெருவில் வாழும் இரண்டு குடும்பங்களில், ஒன்றின் மரபு நகரை வாழ்த்துகிறது. மற்றொன்றின் மரபு நகருக்காக அழவும் கற்றிருக்கிறது. இரண்டும் நமக்கு வேண்டும்.

ஏனெனில் நம் ஊரிலும் ஓர் ஆறு உண்டு. நந்தி மலையில் தோன்றும் தென்பெண்ணை பெங்களூருவின் கிழக்குப் புறத்தைத் தொட்டு, ஓசூர் அருகே கெலவரப்பள்ளி அணைக்கு வருகிறது. உமறுப்புலவரின் வெள்ளம் சந்தனமும் அகிலும் சுமந்து வரும். நம் வெள்ளம் பெருநகரின் கழிவைச் சுமந்து வருகிறது. மதகு திறக்கும் நாள்களில் வெண்ணுரை மலைபோல் எழுகிறது. அந்நீரே கிருஷ்ணகிரி அணைக்கும் வயல்களுக்கும் செல்கிறது. இதற்கு நாட்டுப் படலம் பாட இயலாது. ஷஹ்ர் ஆஷோப் பாடலாம்.

சீறாவில் வேறொரு நகரமும் உண்டு. ஹிஜ்ரத்துக் காண்டத்தில் 'மதீனம் புக்க படலம்' வருகிறது. மதீனாவுக்குப் பேரீச்சந் தோப்புகளும் கிணறுகளும் உண்மையாகவே இருந்தன. ஆகவே அங்கே புலவரின் பசுமைக்கும் நிலத்துக்கும் இடைவெளி குறைவு. ஆயினும் யத்ரிப் மதீனாவானது தோப்புகளால் அன்று. நபிகளார் (ஸல்) தம் ஒட்டகத்தை அதன் வழியே விடச் சொன்னார்கள். அது நின்ற இடத்துக்கு அருகில் இருந்த அபூ அய்யூப் அன்ஸாரி (ரலி) அவர்களின் இல்லத்தில் தங்கினார்கள். முஹாஜிர்களை அன்ஸாரிகள் தம் வீடுகளில் சேர்த்து, உடைமையில் பங்கு கொடுத்தனர். வேலைக்கென வந்த குடும்பத்திடம் பத்து மாத வாடகையை முன்பணமாகக் கேட்கும் நம் தெருக்களில், பிள்ளைகளோடு நாம் முதலில் வாசிக்க வேண்டியது இந்தப் படலத்தைத்தான். நெல்வயலைப் பற்றிய கேள்விக்கு அதன்பின் விடை சொல்லிக்கொள்ளலாம்.