மதிப்பூதியம் என்றொரு சொல்

தென்காசிக் கோயிலை எழுப்பிய பராக்கிரம பாண்டியனுக்கு ஓர் உண்மை தெரிந்திருந்தது. கட்டுவதைவிடக் காப்பது கடினம். 1446-இல் திருப்பணி தொடங்கிய அந்த மன்னன், பிற்காலத்தில் இக்கோயிலுக்குக் குறை ஏதும் நேர்ந்தால் அதை நீக்கிக் காப்பவர் யாராயினும் அவரை இப்போதே பணிகிறேன் என்று கல்லில் வெட்டி வைத்தான். அரசன் குடிகளைப் பணிவது நம் சரித்திரத்தில் அடிக்கடி நடக்கிற காரியமல்ல.

ஆனால் பணிவு ஒன்றே போதும் என்று பழைய அரசர்கள் இருந்துவிடவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலில் 400 தளிச்சேரிப் பெண்டுகளுக்கு ஆளுக்கொரு வீடும் ஒரு பங்கும் கொடுத்தான் ராஜராஜன். ஒரு பங்கு என்பது ஆண்டுக்கு 100 கலம் நெல். ஒருத்தி இறந்துபோனால் அந்தப் பங்கு அவளுடைய உறவினருக்கு என்பதுவரை எழுதி வைத்திருக்கிறான்.

ஆயிரம் வருஷம் கழிந்து வந்த நம் ஜனநாயக சர்க்காரில், 'சம்பளம்' என்ற சொல் சிலருக்கு மட்டும் எட்டவில்லை. குழந்தைகளுக்குச் சோறு போட்டுக் கவனிக்கும் பெண்களைத்தான் சொல்லுகிறேன். அவர்களுக்கு வாய்த்தது 'மதிப்பூதியம்'.

இந்தச் சொல்லின் பூர்வீகம் கௌரவமானதுதான். 1953-இல் துர்காபாய் தேஷ்முக்கின் தலைமையில் மத்திய சமூக நல வாரியம் அமைந்த காலத்தில், சமூக சேவை என்றால் வசதியுள்ள வீட்டுப் பெண்மணிகள் ஓய்வு நேரத்தில் செய்யும் தொண்டு என்றே பலர் எண்ணினார்கள். அப்படிப்பட்டவர்களிடம் சம்பளம் என்று பேசினால் மரியாதையாக இருக்குமா? வண்டிச் செலவுக்கு ஏதோ கொடுப்பதற்கு மதிப்பூதியம் என்ற பெயர் பொருத்தந்தான். 1975 அக்டோபர் 2-ஆம் தேதி அங்கன்வாடித் திட்டம் 33 வட்டாரங்களில் தொடங்கியபோது பெயர் மாறவில்லை; ஆட்கள் மாறிவிட்டார்கள். வந்தவர்கள் அந்த வருமானத்தை நம்பி அடுப்பு மூட்டுகிறவர்கள். மெட்ரிக் தேறிய ஊழியருக்கு மாதம் 150 ரூபாய், தேறாதவருக்கு 100, உதவியாளருக்கு 35.

தமிழ்நாட்டில் இதற்கு இன்னொரு வேடிக்கையும் உண்டு. பகுதிநேர ஊழியர்களான கர்ணம், கிராம முன்சீப் பதவிகள் நவீன நிர்வாகத்துக்கு ஒவ்வாது என்று சொல்லி எம்.ஜி.ஆர். அரசு 1980 நவம்பரில் அவற்றை ஒரேயடியாக ஒழித்தது. பிறகு முழுநேரக் கிராம நிர்வாக அலுவலர்கள் வந்தார்கள். நல்ல காரியம். இரண்டே வருஷத்தில், 1982 ஜூலை முதல் தேதி, அதே அரசு சத்துணவுத் திட்டத்தைத் தொடங்கியது. அதுவும் நல்ல காரியம். அதைவிடப் பெரிய காரியம் என்றே சொல்லுவேன். ஆனால் வாசல் வழியாக வெளியேறிய பகுதிநேர ஊழியம், கொல்லைப்புறமாக அமைப்பாளர், சமையலர், உதவியாளர் என்று ஊருக்கு ஊர் திரும்பி வந்துவிட்டது. கணக்கெழுதிய ஆண்களுக்கு ஒவ்வாதது, சோறு வடிக்கும் பெண்களுக்கு ஒத்துப்போயிற்று!

ஜூலை மாதம் என்றால் குற்றாலத்தில் ஸீஸன். எண்ணெய் தேய்த்துக்கொண்டு அருவியில் நிற்க வருகிறவர்களுக்குச் சாரல் பரம சுகம். ஈர விறகை ஊதி ஊதிப் பற்றவைத்து, பகல் மணி அடிப்பதற்குள் உலையிறக்க வேண்டியவளுக்கு அது வேறு மாதிரி. அங்கன்வாடிக்காரியின் பாடு இன்னும் கொஞ்சம் நீளம். குழந்தைகளை நிறுத்து, எடையைக் குறித்து, கர்ப்பிணிகளுக்குச் சத்துமாவு கொடுத்து, வாக்காளர் பட்டியல் வேலை வந்தால் அதையும் பார்க்க வேண்டும். பகுதிநேரம் என்று இதற்குப் பெயர் வைத்தவர் கடிகாரம் பார்க்காதவராக இருக்க வேண்டும்.

தென்காசி, கடையநல்லூர், ஆலங்குளம் பக்கம் ஆயிரக்கணக்கான பெண்கள் முறத்தை மடியில் வைத்துப் பீடி சுற்றுகிறவர்கள். 1948-ஆம் ஆண்டின் குறைந்தபட்சக் கூலிச் சட்டம் பீடித் தொழிலைத் தன் அட்டவணையில் சேர்த்திருந்தது. 1977-இல் சேமநல நிதியும் வந்தது. நடைமுறையில் எத்தனை பேருக்கு ஒழுங்காகக் கிடைத்தது என்பது வேறு கதை. சட்டத்திலாவது அவர்கள் தொழிலாளிகள். அந்தப் பீடிக்காரியின் பிள்ளையை நாளெல்லாம் பார்த்துக்கொண்டவளோ, சட்டத்தின் கண்ணில் தொண்டர்.

மத்திய அரசின் கணக்குப்படியான தொகை 2018 அக்டோபரில்தான் 4,500 ரூபாயாயிற்று. மாநிலங்கள் தங்கள் பங்குக்கு மேலே சேர்த்தன. தமிழ்நாட்டில் 'சிறப்புக் காலமுறை ஊதியம்' என்று ஒன்று ஏற்பட்டது. சர்க்கார் அகராதியில் 'சிறப்பு' என்று முன்னால் வந்தால் பின்னால் ஏதோ குறைகிறது என்று பொருள். அந்த அடைமொழியை எடுத்துவிட்டு வெறும் காலமுறை ஊதியம் கொடுங்கள் என்பதுதான் ஊழியர் சங்கங்களின் கோரிக்கை.

2006-இல் கர்நாடக வழக்கொன்றில், அங்கன்வாடி ஊழியர் வகிப்பது அரசுப் பதவியல்ல என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. குஜராத்திலிருந்து வந்த இன்னொரு வழக்கில் 2022 ஏப்ரல் 25-ஆம் தேதி அதே நீதிமன்றம் வேறொரு கேள்வியைப் பார்த்தது. மதிப்பூதியம் என்று பெயரிருந்தாலும், 1972-ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டத்தின்படி அது ஊதியமே. ஆகவே இவர்களுக்குப் பணிக்கொடை உண்டு என்பது தீர்ப்பு. சொல்லுக்கு உள்ளே என்ன இருக்கிறது என்று பிரித்துப் பார்க்க நமக்கு 47 வருஷம் பிடித்திருக்கிறது. சத்துணவு தொடங்கிய 1982-இல் இருபது வயதில் கரண்டி பிடித்தவளுக்கு அந்த வருஷம் அறுபது.