வெயில் நாட்டுச் செடிக்கு உறக்கம் எப்போது?

கொல்லிமலையில் காப்பி பூப்பதை நீங்கள் பார்த்திருக்கிறீர்களா? மாசி, பங்குனியில் செடிகள் இலை தொங்கி வாடி நிற்கும். ஒரு நாள் கோடை மழை நன்றாகப் பெய்யும். அதன்பின் எட்டுப் பத்து நாட்களில், சில்வர் ஓக் மர நிழலில் உள்ள தோட்டம் முழுவதும் ஒரே காலையில் வெளுத்துவிடும். மல்லிகையை ஒத்த மணம் பரவும். இரண்டு மூன்று நாட்களில் எல்லாம் உதிர்ந்துவிடும். அந்த மழை வராமற்போனாலோ, அரைகுறையாகத் தூறிவிட்டுப் போனாலோ, தோட்டக்காரருக்கு அவ்வாண்டு வருமானத்தைப் பற்றிய கவலை அன்றே தொடங்கிவிடும்.

மொட்டு ஏன் மழைக்குக் காத்திருக்கிறது? உங்கள் வீட்டு ரோஜாவை எந்த மாதத்தில் வெட்டுவது என்பதற்கான விடையும் இந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது.

பல்லாண்டு வாழும் பூஞ்செடிகளில் பெரும்பாலானவை ஆண்டில் ஒரு காலம் வளர்ச்சியைத் தளர்த்தி ஓய்வெடுக்கின்றன. குளிர்நாடுகளில் இந்த ஓய்வைத் தருவது பனி. இலை உதிர்ந்து செடி உறங்குகிறது. குளிர் விலகும் தறுவாயில் தோட்டக்காரர் கிளைகளை வெட்டினால் போதும். ஐரோப்பியத் தோட்ட நூல்கள் இந்த அடிப்படையில் எழுதப்பட்டவை. நம் சமவெளியிலோ ரோஜா பன்னிரண்டு மாதமும் தளிர்விட்டுக்கொண்டே இருக்கும். கிளை நெடிதாக வளரும்; பூ சிறுத்துப்போகும்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கு வந்த ஆங்கிலேயர் இந்தச் சிக்கலில் மாட்டிக்கொண்டார்கள். 1820களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன், கொல்லிமலைக்கு அண்டையிலுள்ள சேர்வராயன் மலையில் காப்பியும் பழ மரங்களும் பயிரிடச் செய்தார். 1835இல் தாவர இயல் அறிஞர் ராபர்ட் வைட்டின் முயற்சியால் சென்னையில் வேளாண் தோட்டக்கலைச் சங்கம் தோன்றியது. உயர்ந்த மலைகளில் பழைய நூல் ஓரளவு கைகொடுத்தது. வெயில் நிலத்தில் கைவிட்டது. வங்காளத்தில் பாதிரியாராக இருந்த ஃபர்மிஞ்சர், 1860களில் வங்காளத்துக்கும் வட இந்தியாவுக்கும் என்றே தனியாகத் தோட்டக்கலை நூல் ஒன்றை எழுத வேண்டியதாயிற்று.

வட இந்தியத் தோட்டங்களில் ஒரு முறை இருந்தது. மழை ஓய்ந்தபின் ரோஜாவுக்குத் தண்ணீரை நிறுத்துவார்கள். அடிமண்ணைத் தோண்டி, வேர்களைச் சில நாள் காற்றுப்பட விடுவார்கள். பிறகு கிளைகளை வெட்டி, எருவிட்டு, மண்ணை மூடுவார்கள். பனி செய்யாத வேலையை வறட்சியைக் கொண்டு செய்விக்கும் தந்திரம் இது! வேரைத் திறந்துவைப்பது செடிக்குத் தேவையற்ற துன்பம் என்று இன்று பலர் கருதுகிறார்கள். என் கருத்தும் அதுவே. ஆனால் தண்ணீரைக் குறைத்து ஓய்வு தருவது சரியான எண்ணந்தான்.

நம் மண்ணின் செடிகளுக்கு இது புதிதுமல்ல. செங்காந்தளைப் பாருங்கள். மழையில் கிழங்கிலிருந்து கொடி கிளம்பிப் பூத்துக் காய்க்கும். வறட்சி வந்ததும் மண்ணுக்கு மேலுள்ளது அனைத்தும் காய்ந்துவிடும்; கிழங்கு மட்டும் உறங்கும். தன்னைத் தானே வெட்டிக்கொள்ளும் செடி என்று இதைச் சொல்லலாம். ஓரியின் கொல்லிமலையைப் பாடிய கபிலர், குறிஞ்சிப்பாட்டில் அடுக்கும் 99 பூக்களில் முதலாவதாக வருவதும் காந்தளே.

காப்பியின் கதைக்கு வருவோம். தோட்டக்காரர்கள் அனுபவத்தில் அறிந்திருந்ததை ஆய்வில் காட்டியவர் பாலோ ஆல்விம் என்னும் பிரேசில் நாட்டு விஞ்ஞானி. 1960இல் அவர் வெளியிட்ட முடிவு இது: இடைவிடாமல் நீர் பெற்ற செடிகளில் மொட்டுகள் உறங்கியபடியே இருந்தன, சில காலம் வாடவிட்டுப் பின் நீர் பாய்ச்சிய செடிகள் பூத்தன. மொட்டை எழுப்புவது மழைதான். அந்த மழைக்கு எழும்படி மொட்டைப் பக்குவப்படுத்துவது அதற்கு முந்திய வறட்சி.

இப்போது 70 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து மலையிலிருந்து கீழே இறங்குவோம். சமவெளியில் குண்டுமல்லி பயிரிடுவோர் நவம்பர் கடைசியில் தண்ணீரை நிறுத்தி, செடியைத் தரையிலிருந்து ஏறத்தாழ 50 செ.மீ. உயரத்தில் கவாத்துச் செய்கிறார்கள். (படைவீரர் பயிற்சிக்கும் கவாத்து என்றே பெயர் வழங்கியது, செடியையும் ஒழுங்குக்குக் கொண்டுவருகிறோம் அல்லவா!) மார்கழி, தையில் மல்லிகைப் பூவின் விலை உச்சத்தில் இருக்கும். கிடைக்கிற கொஞ்சப் பூவையும் கைவிட்டு அந்த வேளையில் செடியை மொட்டையாக நிறுத்த மனத்துணிவு வேண்டும். பங்குனி முதல் வரும் பெரும் பூப்பை நம்பித்தான் கத்தி எடுக்கிறார்கள்.

வெட்டினால் செடி ஏன் தழைக்கிறது? கிளையின் நுனியில் ஆக்சின் என்னும் வளர்ச்சிப் பொருள் உண்டாகிக் கீழ்நோக்கி இறங்கி, பக்க மொட்டுகளை அடக்கிவைக்கிறது. 1930களில் திமான், ஸ்கூக் என்ற இருவர் அவரை இனச் செடியின் நுனியைக் கிள்ளிவிட்டு, அந்த இடத்தில் ஆக்சினை வைத்துப் பார்த்தார்கள். பக்க மொட்டுகள் அடங்கியே இருந்தன. ஆக்சின் வைக்காத செடிகளில் அவை கிளைவிட்டன.

மல்லிகையும் ரோஜாவும் புதுத் தளிரில் பூப்பவை. ஆகையால் வெட்ட வெட்டப் பூ கூடுகிறது. காப்பி அப்படியல்ல. சென்ற பருவத்தில் வளர்ந்த கிளையின் கணுக்களில்தான் அது பூக்கும். மல்லிகைக்காரரின் கணக்கை மலைக்குக் கொண்டுபோய்ப் பூக்கும் முன் அந்தக் கிளைகளை வெட்டினால், வரவிருந்த பூவையே வெட்டியதாகும். காய்த்து ஓய்ந்த கிளைகளை அறுவடைக்குப் பின் கழிப்பதே அங்கு முறை. எனவே, கத்தி எடுக்குமுன் உங்கள் செடி எந்தக் கிளையில் பூக்கிறது என்று ஒரு பருவம் கவனித்துக்கொள்ளுங்கள்.

ரோஜாவை வடகிழக்குப் பருவமழையின் கடுமை தணிந்தபின் வெட்டுங்கள். கொட்டும் மழையில் வெட்டுவாயில் பூசணம் இறங்கிக் கிளை நுனியிலிருந்து கருகும். கடுங்கோடையில் வெட்டினால் நிழலிழந்த தண்டு வெயிலில் வெந்துவிடும். வெளிப்பக்கம் நோக்கிய மொட்டுக்குச் சற்று மேலே சாய்வாக வெட்டி, போர்டோ பசை தடவுங்கள். தளிர் வந்தபின் நீரைக் கூட்டலாம். ஏறத்தாழ 45 நாட்களில் பூ வரும்.

அரளியும் புதுத் தளிரில் பூப்பதுதான். அதே முறையில் வெட்டலாம். ஆனால் அதன் சாறு நஞ்சு. வேலை முடிந்ததும் கையைக் கழுவுங்கள். வெட்டிய கிளைகளை ஆடு மாடு எட்டும் இடத்தில் போடாதீர்கள், அடுப்பிலும் வைக்காதீர்கள்.