பெட்டிக்குள் ஒரு வானம்

சின்ன வயசுல பார்த்த விட்டலாச்சார்யா படங்கள்ல ஒரு மந்திரவாதி கையைத் தூக்கினா வானம் பச்சை, சிவப்புன்னு கலர் கலரா மாறும். அப்புறம் படிச்ச மாயாஜால நாவல்கள்லயும் கற்பனை உலகம்னாலே வானத்துல ஏதாவது ஒரு ஒளி நெளிஞ்சுகிட்டுத்தான் இருக்கும். அந்த மாதிரி நிஜமாவே ஒரு குட்டி உலகத்தைச் செஞ்சு, அதோட வானத்துல ஒளியையும் வரவழைச்ச ஒரு ஆள் இருந்தார். மந்திரவாதி இல்ல, இயற்பியல் பேராசிரியர். பேரு கிறிஸ்டியான் பிர்க்கலாண்ட். ஊர் நார்வே. 1867-ல் பிறந்தவர்.

துருவப் பகுதியில இருக்கிறவங்களுக்கு அந்த ஒளி தினசரி சமாச்சாரம். ஆனா அது ஏன் வருதுன்னு 19-ஆம் நூற்றாண்டு முடியப் போற வரைக்கும் யாருக்கும் உருப்படியா தெரியாது. 1896-ல் பிர்க்கலாண்ட் ஒரு யோசனை சொன்னார். கேதோடு கதிர்களை, அதாவது எலக்ட்ரான்களை, காந்தத்துக்குப் பக்கத்துல விட்டா அது வளைஞ்சு காந்த முனைப் பக்கம் குவியுது. பூமியே ஒரு பெரிய காந்தம். சூரியன்ல இருந்து இந்த மாதிரி கதிர் வந்தா துருவத்துல குவிஞ்சு காற்றை ஒளிர வைக்காதா?

சொல்றது சுலபம். நிரூபிக்கணுமே! அதுக்கு ரெண்டு பக்கமா வேலை பார்த்தார்.

ஒண்ணு, மலை மேல. வட நார்வேயில ஆல்டா பக்கத்துல ஹால்டே மலை, சுமார் 900 மீட்டர் உயரம். உச்சியில கல்லால ஆய்வுக்கூடம் கட்டி, 1899-1900 குளிர்காலம் முழுக்க அங்கேயே உட்கார்ந்து காந்தமானிகளைப் பார்த்துக் குறிப்பெடுத்தாங்க. இதுக்குக் கொடுத்த விலை கொஞ்சமில்ல. அதுக்கு முந்தின ஒரு பயணத்துல ஒரு மாணவர் உறைபனியில விரல்களை இழந்தார். ஹால்டேயில ஒரு உதவியாளர் பனிச்சரிவுல செத்தே போனார். 1902-03ல் இன்னும் பெருசா, நார்வே, ஐஸ்லாந்து, ஸ்பிட்ஸ்பெர்கன், நோவாயா செம்லியான்னு 4 இடத்துல ஒரே சமயத்துல அளவெடுத்தாங்க. அந்த அளவுகளை ஒப்பிட்டப்போ, துருவ ஒளி வர்ற நேரத்துல அதுக்கு மேலயே பெரிய மின்னோட்டம் ஓடுதுன்னு கண்டுபிடிச்சார். அந்த மின்சாரம் காந்தப்புலக் கோடுகள் வழியா விண்வெளியில இருந்து இறங்கி, திரும்ப மேலேயே போகுதுன்னார்.

ரெண்டாவதுதான் எனக்குப் பிடிச்ச பகுதி. அதுக்குப் பேரு 'டெரெல்லா', குட்டி பூமின்னு அர்த்தம். ஒரு கண்ணாடிப் பெட்டி. உள்ளே இருக்கிற காற்றை முடிஞ்ச வரைக்கும் உறிஞ்சிட்டு, நடுவுல ஒரு உலோக உருண்டையைத் தொங்கவிட்டார். உருண்டைக்குள்ள மின்காந்தம், மேல ஒளிரும் பூச்சு. பக்கத்துல சூரியனுக்குப் பதிலா கேதோடு. ஸ்விட்சைப் போட்டா, உருண்டையோட ரெண்டு முனையைச் சுத்தியும் வளையமா ஒளி! நாங்கள்லாம் இன்னிக்கு கம்ப்யூட்டர்ல சிமுலேஷன்னு பண்றதை, அந்த மனுஷன் கண்ணாடியையும் பித்தளையையும் வச்சுப் பண்ணியிருக்கார்.

இதுக்கெல்லாம் பணம்? அங்கதான் கதை திரும்புது. காசு சம்பாதிக்க மின்காந்த பீரங்கி ஒண்ணு செஞ்சார். வெடிமருந்தே இல்லாம குண்டு பாயும். 1903 மார்ச்சில் பெரிய மனுஷங்களைக் கூப்பிட்டு உட்கார வச்சு டெமோ. டெமோன்னா என்ன ஆகும்னு நம்ம தொழில்ல இருக்கிறவங்களுக்குச் சொல்லவே வேணாம் :-) ஷார்ட் சர்க்யூட் ஆகி, பெரிய சத்தத்தோட மின்வில் பாய்ஞ்சு, கூட்டம் பதறி ஓடிடுச்சு. ஆனா அதே வருஷம் சாம் ஈடே என்கிற பொறியாளர் தேடிக்கிட்டிருந்தது அந்த மாதிரி ஒரு மின்னலைத்தான்! மின்வில்லைக் காந்தத்தால தட்டு மாதிரி விரிச்சு, அதுவழியா காற்றைச் செலுத்தினா நைட்ரஜனும் ஆக்சிஜனும் சேரும். அதுல இருந்து நைட்ரிக் அமிலம், அப்புறம் உரம். 1905-ல் நார்ஸ்க் ஹைட்ரோ கம்பெனி பிறந்தது இப்படித்தான். வந்த காசுல பிர்க்கலாண்ட் இன்னும் பெரிய பெட்டி செஞ்சார்.

பாராட்டினாங்களா? நோபலுக்கு ஏழு முறை பரிந்துரை, ஒரு தடவை கூட கிடைக்கல. விண்வெளின்னா வெறுமை, அதுல மின்சாரமாவது ஓடுறதாவதுன்னு பலர் ஒதுக்கிட்டாங்க. அவருக்குப் பிறகு இந்தத் துறையில பெரிய ஆளா வந்த சிட்னி சாப்மன், அந்த மின்னோட்டம் பூமியோட வளிமண்டலத்துக்குள்ளயே சுத்துதுன்னு சொன்னார். கணக்கு அழகா வந்ததால எல்லாரும் அவர் பக்கம். தரையில இருந்து அளந்து மட்டும் ரெண்டுல எது சரின்னு பிரிச்சுச் சொல்ல முடியாதுங்கறதுதான் சிக்கலே.

அதுக்குள்ள அவர் உடம்பு போச்சு. கல்யாணம் முறிஞ்சது. தூக்கமே வராம வெரோனல் மாத்திரையை நம்பி வாழ்ந்தார். எகிப்துல ஆராய்ச்சி பண்ணிட்டிருந்தவர் முதல் உலகப்போர் சமயத்துல ஜப்பான் வழியா ஊர் திரும்பக் கிளம்பினார். 1917 ஜூன் 15, டோக்கியோவுல ஒரு ஓட்டல் அறையில இறந்து கிடந்தார். அளவுக்கு மிஞ்சின வெரோனல். வயசு 49.

1963-ல் ஏவின ஒரு அமெரிக்கக் கடற்படை செயற்கைக்கோள் துருவத்துக்கு மேல பறந்தப்போ காந்தப்புலம் திடீர் திடீர்னு ஆடுறதைப் பதிவு செஞ்சது. 1966-67ல் அதை அலசினவங்களுக்குப் புரிஞ்சது, அது மேல இருந்து இறங்கற மின்னோட்டம்னு. அதாவது கிழவர் சொன்னது. இன்னிக்கு அதுக்குப் பேரே பிர்க்கலாண்ட் மின்னோட்டம்.

அவர் சொன்னது எல்லாமே சரின்னு இல்ல. சூரியன்ல இருந்து வெறும் எலக்ட்ரான் மட்டும் கிளம்பினா ஒண்ணை ஒண்ணு தள்ளிச் சிதறிடும். அந்த எதிர்ப்பு நியாயமானது. பின்னாடி அவரே நேர்மின் அயனியும் சேர்ந்துதான் வருதுன்னு மாத்திக்கிட்டார். துருவ ஒளியைத் தர்ற எலக்ட்ரான்கள் சூரியன்ல இருந்து நேரா வந்து விழறதில்ல, பூமியோட காந்த மண்டலத்துலதான் வேகம் பிடிக்குதுன்னும் இப்ப தெரியும். பெட்டிக்குள்ள தெரிஞ்ச வளையம் சரி, அதுக்கு அவர் சொன்ன காரணம் பாதிதான் சரி.

1994-ல் நார்வே 200 குரோனர் நோட்டுல அவர் முகத்தைப் போட்டாங்க, கூடவே துருவ ஒளியையும். 2017-ல் நோட்டை மாத்தி, அவர் இடத்துல ஒரு காட் மீனைப் போட்டுட்டாங்க. சரி, அந்த ஊருக்கு மீனும் முக்கியம்தானே.

எனக்கு உறுத்தறது நோபல் கிடைக்காதது இல்ல. மலையில செத்த அந்த உதவியாளர்தான். தான் எதுக்காகக் குளிர்ல நின்னோம், அது சரியா தப்பான்னு தெரியாமலேயே போயிட்டார். பிர்க்கலாண்டுக்காவது ஒரு பெட்டி இருந்தது, ஸ்விட்சைப் போட்டுப் பார்த்துக்க.